முதுகு காட்டி இறங்கிய கரை

கறுப்பு முனைக்குப் போகிறேன் என்று டெல்ஃபின் சொன்னபோது மீன்கொத்திக் குடாவில் யாரும் அவளைத் தடுக்கவில்லை. தடுத்தாலும் கேட்க மாட்டாள் என்று ஊருக்குத் தெரியும். போன இலையுதிர் காலத்தில் அவளுடைய அப்பா எமெரி அந்தப் பக்கம்தான் போனார். படகு மட்டும் திரும்பி மிதந்து வந்தது.

அம்மா கரைவரை வந்தாள். ஒரு பொட்டலம் புகைபோட்ட சால்மன் மீனை ஓடத்தில் வைத்தாள். திரும்பி நடந்தாள். அவர்கள் வீட்டு வாசலில் எமெரியின் ரப்பர் பூட்ஸ் இன்னும் காயவைத்தபடியே இருந்தது.

தேவதாரு மரத்தைக் குடைந்து செய்த ஓடத்தில் மூன்று பேர். முன்னால் டெல்ஃபின். பின்னால், திசை திருப்பும் பெரிய துடுப்போடு, அவளுடைய பெரியம்மா மகன் வாலஸ். நடுவில், உயிர்காப்பு அங்கியை இரண்டு முறை இறுக்கிக் கட்டிக்கொண்டு ஆரணி. அவள் டொரன்டோவில் வளர்ந்தவள், பெற்றோர் யாழ்ப்பாணத்துக்காரர்கள். பல்கலைக்கழகத்தில் நிலவியல் படிக்கிறாள். கோடை முழுவதும், டெல்ஃபினின் பூர்வகுடி இனமான தெஸ்கா மக்களின் இந்தக் கரையில் மண் அடுக்குகளை ஆராய்ந்துகொண்டிருந்தாள். தங்கலும் சாப்பாடும் டெல்ஃபின் வீட்டில்.

"மோட்டார் படகில போனா என்ன?" என்றாள் ஆரணி. "துடுப்புப் போட எனக்குக் கை வராது."

"முனையச் சுத்தி கடற்பாசி காடு மாதிரி கிடக்கு. மோட்டார்ல சுத்திக்கும்," என்றான் வாலஸ். "நீ துடுப்பப் போடலன்னாலும் பரவாயில்ல. அடிக்கடி எங்க தலையில தட்டாம இருந்தா போதும்."

ஓடம் மூடுபனிக்குள் நுழைந்தது.

கறுப்பு முனையை உடைத்துக் கல்லெடுக்க ஒரு நிறுவனம் அனுமதி வாங்கியிருந்தது. துளையிடும் இயந்திரங்கள் இன்றோ நாளையோ வந்துவிடும். முனை எங்களுடையது, எங்கள் முன்னோர் முதன்முதலில் கால் வைத்த கரை அங்கேதான் இருக்கிறது என்று தெஸ்கா மக்கள் அந்த அனுமதி பற்றிய விசாரணையில் சொன்னார்கள். நிறுவனம் அழைத்து வந்த நிபுணர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே பேசினார்: இந்தக் கண்டத்தின் பூர்வகுடிகள் எல்லோருமே எங்கிருந்தோ வந்தவர்கள். வடக்கே கடல் வற்றிக் கிடந்த காலத்தில் ஆசியாவிலிருந்து நடந்து வந்தவர்கள். தெஸ்கா மக்கள் அதிலும் கடைசி. உள்நாட்டு மலைகளில் திரிந்துவிட்டு, சில நூறு ஆண்டுகளுக்கு முன்புதான் இந்தக் கடலையே பார்த்திருப்பார்கள்.

"உங்களிடம் இருப்பது ஒரு பாட்டு மட்டும்தானே?" என்று முடித்தார்.

பாட்டு மட்டும்தான். இடப்பக்கம் பனிச்சுவர், வலப்பக்கம் கடல், நடுவில் தோல் படகுகள் என்று தொடங்குகிற பாட்டு. அதைப் பாடிப் பாடித்தான் எமெரி ஒவ்வொரு ஆண்டும் மீன்பிடி முடிந்ததும் படகை எடுத்துக்கொண்டு போனார். டெல்ஃபின் சிறுமியாக இருந்தபோது அவளையும் அழைத்துப்போவார். "அவங்க நின்ன இடத்துல ஒரு தடவ நின்னுட்டா போதும்," என்பார். அப்படிச் சொல்லும்போது அவர் கண் தண்ணீரின் மேல் எங்கேயோ இருக்கும். அந்தப் பார்வைதான் இப்போது டெல்ஃபினுக்கும் வந்திருந்தது. அப்பா தேடியதைத் தேடுகிறாளா, அப்பாவையே தேடுகிறாளா என்று அவளுக்கே சில நேரம் புரிவதில்லை.

"தங்கச்சி, ஒண்ணு கேக்கட்டுமா?" என்றான் வாலஸ். "அந்த இடத்தக் கண்டுபிடிச்சிட்டோம்னே வச்சுக்க. படகுல வந்தோம்னு நிரூபிச்சாச்சு. உடனே அவங்க என்ன சொல்வாங்க? 'பாத்தீங்களா, நீங்களும் வந்தவங்கதான், நாங்களும் வந்தவங்கதான், கணக்கு சரி'ம்பாங்க. எங்கம்மா சொல்றதுதான் நல்லது. நாம எங்கிருந்தும் வரல. இந்தக் கரையிலயே முளைச்சோம்."

டெல்ஃபின் முன்னால் குனிந்தாள். துடுப்பை ஆழமாகப் போட்டாள்.

ஆரணி மெல்லச் சொன்னாள்: "என்னை ஒவ்வொரு கிழமையும் யாராவது ஒராள் கேக்கும், நீ எங்கயிருந்து வந்தனீ எண்டு. டொரன்டோ எண்டு சொன்னா, இல்லை, உண்மையா எங்கயிருந்து எண்டு திரும்பக் கேக்கும்."

"எங்கள அப்படி யாரும் கேக்குறதில்ல," என்றான் வாலஸ். "அவங்களே சொல்லிடுறாங்க."

அடுத்த கணம் ஓடத்தின் முன்பகுதி சரேலென்று இடப்பக்கம் இழுபட்டது.

"தொண்டை வந்துடுச்சு! குனிஞ்சு இழுங்க!" என்று கத்தினான் வாலஸ்.

இரண்டு பாறைத் தீவுகளுக்கு நடுவே கடல் குறுகிப் பாய்கிற இடத்துக்கு ஊர் வைத்த பெயர் அது. கடல் ஏறி வற்றும் ஓதம் மாறும்போது தண்ணீர் அங்கே ஆறு போல ஓடும். பச்சை நிறச் சுழிகள் ஓடத்தைச் சுற்றி வாய் பிளந்தன. ஒரு சுழி பின்பகுதியைப் பிடித்துச் சுழற்றியது. வாலஸ் எழுந்து நின்று பெரிய துடுப்பைப் பாறையில் ஊன்றித் தள்ளினான். துடுப்பு வில்லாக வளைந்தது. ஓடத்துக்குள் தண்ணீர் முழங்கால்வரை ஏறியது. ஆரணி வாளியை எடுத்து, அம்மாவைக் கூப்பிட்டுக்கொண்டே இறைத்தாள். டெல்ஃபின் மட்டும் சத்தம் போடவில்லை. அப்பாவின் படகு இங்கேதான் கவிழ்ந்திருக்கும் என்று அவள் உடம்புக்குத் தெரிந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு இழுத்தாள். இன்னும் ஒரு இழுப்பு. இன்னும் ஒன்று.

ஓடம் தொண்டையிலிருந்து துப்பப்பட்டதுபோல் அமைதியான தண்ணீரில் வந்து விழுந்தது.

ஆரணி கடைசி வாளித் தண்ணீரையும் இறைத்து ஊற்றினாள்.

"இனி நடந்துதான் திரும்பிப் போவன்," என்றாள் ஆரணி.

"முனை இருக்கறது ஒரு தீவுல," என்றான் வாலஸ்.

எதிரே, பனியின் மங்கலில், கறுப்பு முனையின் அடிவாரம் தெரிந்தது. கூழாங்கல் கரை ஒன்று. அதன் பின்னால் மரங்கள். ஆரணி இறங்கத் தயாராகக் காலைத் தூக்கினாள். டெல்ஃபின் அவள் தோளைப் பிடித்து உட்காரவைத்தாள்.

"முதல்ல கேக்கணும்."

"யாரிட்ட? இஞ்ச ஒருத்தரும் இல்லையே."

"யாரும் இல்லன்னாலும் கேக்கணும்."

தெஸ்கா மக்கள் இன்னொருவர் கரைக்குப் போனால் நேராகப் போய் இறங்க மாட்டார்கள். தூரத்திலேயே ஓடத்தை நிறுத்தித் தங்கள் பெயரையும் பெற்றவர் பெயரையும் சொல்லி, இறங்கலாமா என்று கேட்பார்கள். கரையில் இருப்பவர்கள், "பசியோடு வந்திருப்பீர்கள், கரைக்கு வாருங்கள்" என்று பதில் சொன்ன பிறகு ஓடத்தைத் திருப்பி, பின்பக்கமாகக் கரைக்குக் கொண்டுவருவார்கள். இறங்குகிறவர்களும் கடலைப் பார்த்தபடி, முதுகைக் கரைக்குக் காட்டிப் பின்பக்கமாகவே நடந்து ஏறுவார்கள். கரைக்காரன் கையில் ஈட்டி இருந்தாலும் என் முதுகு உன் முன்னால்தான் இருக்கிறது, உன்னை நம்புகிறேன் என்று அதற்குப் பொருள்.

"எங்கட ஆக்களுக்கு முதுகு காட்டுறது எண்டா தோத்து ஓடுறது," என்றாள் ஆரணி வியப்போடு.

டெல்ஃபின் எழுந்து நின்றாள். "நான் டெல்ஃபின். மீன்கொத்திக் குடாவிலிருந்து வருகிறேன். எமெரியின் மகள்."

வாலஸ் துடுப்பைப் பார்த்துக்கொண்டிருந்தான். இறந்தவர்களின் பெயரைச் சொல்லும்போது 'முன்னே போனவர்' என்று சேர்த்துச் சொல்வது வழக்கம். அவள் சேர்க்கவில்லை. ஓர் ஆண்டாக அவள் அதைச் சேர்த்ததே இல்லை.

"இறங்கலாமா?" என்று முடித்தாள். குரல் பாறைகளில் பட்டுத் திரும்பி அடங்கியது.

யாரும் இல்லாத கரையில், தலைக்கு மேல் ஒரு பறவை கடந்து போகும்வரை காத்திருக்க வேண்டும். மூடுபனியில் பறவை எங்கே தெரியும்? காத்திருந்தார்கள். ஆரணிக்குப் பல் கிட்டியது. வாலஸ் சால்மனைத் தின்று தீர்த்தான்.

"அந்த மெஷின்காரங்க நமக்கு முன்னால வந்து இறங்கிடப்போறாங்க," என்றான். "பறவைக்கெல்லாம் இன்னிக்கு லீவு போல."

"பேசாம இரு."

கடைசியில் காற்று திரும்பியது. பனி கிழிந்து விலகியது. ஒரு கடற்காகம் அவர்கள் தலைக்கு மேலே அவசரமில்லாமல் பறந்து போனது. அதே நேரம் கடல் பக்கமும் திறந்துகொண்டது. ஓடத்தைத் திருப்பிப் பின்பக்கமாகக் கரைக்குத் தள்ளியபோது, டெல்ஃபினின் கண் முன்னே தூரத்தில் ஒரு பாறைத் தீவு தனியாக நின்றது. படுத்திருக்கும் கடல்நாய் போல வழவழப்பான முதுகு.

அவள் பாட்டின் கடைசி அடியை முணுமுணுத்தாள். "'தாய் தன் குட்டியை முதுகில் ஏற்றும்வரை பின்னே போ.' தாய் அதுதான். அப்பாவும் அதத்தான் சொல்வார்."

"குட்டி எங்க?" என்றாள் ஆரணி.

"அதான் கிடைக்கல. அப்பா ஒவ்வொரு குடாவா போய்ப் பாத்தார். எங்கிருந்து பாத்தாலும் தாய் முதுகுல எதுவும் ஏறல."

ஓடத்தின் வால் கூழாங்கல்லில் உரசி நின்றது. குட்டி இல்லை. டெல்ஃபின் பின்பக்கமாக இறங்கினாள். தண்ணீரைவிட்டு வெளியேறி நின்றாள். தாய்ப்பாறை தனியாகவே கிடந்தது. இத்தனை ஆண்டும், ஓர் உயிரும், இந்தத் தனிப்பாறைக்காகத்தானா?

'பின்னே போ.' எவ்வளவு தூரம் என்று பாட்டில் இல்லை. கரை வந்ததும் நில் என்றும் இல்லை.

அவள் இன்னோர் அடி பின்னால் வைத்தாள். பிறகு இன்னொன்று. கடலிலிருந்து கண்ணை எடுக்காமல் கூழாங்கல்லைத் தாண்டி, புல்லைத் தாண்டி, மரங்களுக்குள் பின்பக்கமாகவே ஏறத் தொடங்கினாள்.

"தங்கச்சி, மண்டையில அடி கிடி பட்டுச்சா?" என்றான் வாலஸ். "பின்னால மரம்! வலது பக்கம் போ. இன்னும் வலது."

பாசி படிந்த வேர்களில் குதிகால் வழுக்கியது. இரண்டு முறை விழுந்தாள். எழுந்து மறுபடி பின்னால் நடந்தாள். கிளைகளின் இடைவெளியில் தாய்ப்பாறை அசையாமல் கிடந்தது. சரிவு செங்குத்தாயிற்று. அப்போது, தாயின் முதுகுக்கு மேல், கறுப்பாகச் சின்னதாக ஒரு புள்ளி எட்டிப் பார்த்தது.

டெல்ஃபின் மூச்சை நிறுத்தினாள். இன்னோர் அடி. புள்ளி வளர்ந்தது. தாய்ப்பாறைக்கு நேர் பின்னால், கடல் மட்டத்திலிருந்து பார்த்தால் மறைந்தே கிடக்கிற இன்னொரு பாறை. அவள் ஏற ஏற அதுவும் தாயின் முதுகில் ஏறி உட்கார்ந்துகொண்டது.

"ஆரணி! குட்டி!"

ஆரணி மூச்சிரைக்க ஓடிவந்து பார்த்தாள். காலடி மண்ணைக் கையால் கிளறினாள். பாசிக்கு அடியில் உருண்டையான கூழாங்கற்கள். அவற்றோடு பொடிந்த கிளிஞ்சல்.

"இது கடற்கரை," என்றாள். "இஞ்ச பார், மலையில கடற்கரை! பனி மூடியிருந்த காலத்தில அந்தப் பாரம் நிலத்தை அமத்தி வச்சிருந்தது. பனி உருகினாப் பிறகு நிலம் மெல்ல மெல்ல மேல வந்தது. அந்த நேரம் கடல் இந்த மரத்தடியிலதான் நிண்டது. உன்ர பாட்டு அந்தக் காலத்து ஆக்களின்ர பாட்டு, டெல்ஃபின்."

கடலோடிகள் கரையை எப்போதும் தண்ணீரிலிருந்தே பார்க்கிறார்கள். எமெரியும் அப்படித்தான் பார்த்தார். மரங்களுக்குள் தேட அவருக்குத் தோன்றவே இல்லை.

டெல்ஃபின் கடலைப் பார்த்தபடியே இன்னோர் அடி பின்னால் வைத்தாள். காலுக்கடியில் பாசி கிழிந்தது. வாலஸ் நீட்டிய கை காற்றைப் பிடித்தது.

அவள் சரிந்து, உருண்டு, ஈரமான இருட்டில் போய் விழுந்தாள். கணுக்கால் சுளீரென்றது. "அப்பா!" என்று அவளை அறியாமல் வாயிலிருந்து வந்தது. அந்தக் குரல் சுற்றிலும் முழங்கி ஓய்ந்தது. பதிலுக்குக் காதைத் தீட்டிக்கொண்டு கிடந்தாள். தண்ணீர் சொட்டும் ஓசை மட்டும் கேட்டது.

மற்ற இருவரும் டார்ச் விளக்கோடு இறங்கினார்கள். அது ஒரு குகை. தரையில் களிமண், அதன் மேல் சுண்ணாம்பு நீர் வழிந்து உறைந்து, பனிக்கட்டி போல மெல்லிய கல்படலம். படலத்துக்கு அடியில் பெரிய கால்கள், சின்னக் கால்கள். ஒரு குழந்தையின் ஐந்து விரல்களும் நேற்று வைத்ததுபோல் பதிந்திருந்தன.

வாலஸ் தொப்பியைக் கழற்றினான்.

ஆரணி மண்டியிட்டு விளக்கைச் சாய்த்துப் பிடித்தாள். அவள் முகம் மெல்ல மாறியது.

"என்ன?" என்றாள் டெல்ஃபின்.

"விரல் எல்லாம் கடல் பக்கம் இருக்கு. வாற ஆக்களின்ர கால் இல்லை இது. போற ஆக்களின்ர கால்." அவள் நிமிர்ந்து பார்க்கவில்லை. "மலையிலயிருந்து வந்து கடலுக்கு இறங்கின ஆக்கள் எண்டு அந்த நிபுணர் சொல்லுவார். அவர் சொன்னதுதான் சரியெண்டு ஆகிவிடும்."

பிறகு டெல்ஃபின் சிரித்தாள். கண்ணீர் வழிய, சுளுக்கிய காலைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

"ஆரணி, நான் இங்க எப்படி வந்தேன்?"

ஆரணி சட்டென்று நிமிர்ந்தாள்.

"வாலஸ், களிமண்ல நட. முதல்ல நேரா. அப்புறம் பின்னால."

"கடைசியில எனக்கும் ஒரு வேல கிடைச்சுது," என்று வாலஸ் செருப்பைக் கழற்றிவிட்டு, தடங்களும் கல்படலமும் இல்லாத மூலையில் நடந்து காட்டினான். நேராக நடந்தபோது குதிகால் ஆழமாகப் பதிந்தது. பின்பக்கமாக நடந்தபோது விரல் நுனிதான் முதலில் ஊன்றி ஆழமாக இறங்கியது; குதிகால் லேசாகவே பட்டது. ஆரணி விளக்கைப் பழைய தடங்களுக்குத் திருப்பினாள். எல்லாவற்றிலும் விரல் நுனிதான் ஆழம். தடங்களின் வரிசையைக் கடல் பக்கம் இருந்த வாசல்வரை பின்தொடர்ந்தாள். அங்கே களிமண்ணில் ஒரு நீண்ட பள்ளம் இருந்தது. படகை இழுத்து நிறுத்திய தடம். அத்தனை கால்களும் அந்தப் பள்ளத்தருகே தொடங்கி, அதைப் பார்த்தபடியே உள்ளே வந்திருந்தன.

"முதுகு காட்டி வந்திருக்கினம்," என்றாள் ஆரணி. "குழந்தையும்தான்."

"யாருக்கு முதுகு காட்டினாங்க?" என்றான் வாலஸ் தாழ்ந்த குரலில். "இங்க யாருமே இல்லையே."

"அது அவங்களுக்குத் தெரியாதே," என்றாள் டெல்ஃபின். "பனிச்சுவர் ஓரமா, பிள்ளைங்களையும் தூக்கிட்டு, எத்தன பசியோட வந்திருப்பாங்க. அப்பவும் வெளியில நின்னு கேட்டிருக்காங்க. காத்திருந்திருக்காங்க. பதில் வரல. காலையில கேட்டியே, வாலஸ், 'நீங்களும் வந்தவங்கதானே'ன்னு சொன்னா என்ன சொல்றதுன்னு. வந்தோம்தான். கேட்டுட்டு வந்தோம்."

அவள் குழந்தையின் தடத்துக்கருகே, அதைத் தொடாமல் உள்ளங்கையை ஊன்றினாள். பிறகு யாரும் அந்தக் கரையில் ஒருபோதும் சொல்லாத பதிலைச் சொன்னாள்.

"பசியோடு வந்திருப்பீர்கள். கரைக்கு வாருங்கள்."

வெளியே இன்ஜின் சத்தம் கேட்டது.

நிறுவனத்தின் இரும்புப் படகு கடற்பாசியை அறுத்துக்கொண்டு வந்தது. வாலஸின் தோளைப் பிடித்து நொண்டிக்கொண்டே டெல்ஃபின் கூழாங்கல் கரைக்கு இறங்கினாள்; ஆரணியும் பின்னால் வந்தாள். தண்ணீரின் ஓரத்தில் நின்று கையை உயர்த்தினாள். படகு நின்றது. மேற்பார்வையாளர், மழைக்கோட்டு போட்ட ஒரு நரைத்தாடிக்காரர், எட்டிப் பார்த்தார்.

"எங்ககிட்ட அனுமதி இருக்கும்மா," என்றார்.

"ஆபீஸ்ல வாங்கினது. இங்க இன்னும் கேக்கல. உங்க பேர் என்ன? அப்பா பேர் என்ன?"

அவர் குழம்பிப்போய் ஆரணியைப் பார்த்தார்.

"மேல குகையில ஆதி மனுசரின்ர காலடி இருக்கு," என்றாள் ஆரணி. "பழைய தடம் கிடைச்சா வேலையை நிப்பாட்டோணும். சட்டம் உங்களுக்குத் தெரியும்தானே?"

நரைத்தாடிக்காரர் தாடியைச் சொறிந்தார். "டக்ளஸ்," என்றார் கடைசியில். "அப்பா பேர் ஹெக்டர். நான் வந்து பார்க்கலாமா?"

டெல்ஃபின் வானத்தைப் பார்த்தாள். ஒரு கடற்காகம் போகும்வரை அவரைக் காக்கவைத்தாள். பிறகுதான் வரச் சொன்னாள்.

குகை வாயிலில் அவர் வெகுநேரம் நின்றார். உள்ளே கால் வைக்கவில்லை. திரும்பிப் போய்ப் படகின் வயர்லெஸ்ஸில் யாரிடமோ பேசினார், பேச்சு சூடானது, இரண்டு முறை "முடியாது" என்றார். படகு பின்பக்கமாகவே நகர்ந்து குடாவைவிட்டு வெளியேறியது.

"பரவாயில்ல, சீக்கிரம் கத்துக்கிட்டாங்க," என்றான் வாலஸ்.

தொண்டையில் ஓதம் தணிந்திருந்தது. மாலை வெயிலில் மூவரும் துடுப்புப் போட்டார்கள். பாறைகளுக்கு நடுவே வந்தபோது டெல்ஃபின் துடுப்பை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள். தண்ணீரைப் பார்த்தாள். மற்ற இருவரும் ஓடத்தை அப்படியே மிதக்கவிட்டார்கள்.

மீன்கொத்திக் குடாவின் கரையில் ஊரே கூடியிருந்தது. வயர்லெஸ் செய்தி அவர்களுக்கு முன்பே வந்துவிட்டது. ஆனாலும் யாரும் கூவவில்லை. கேட்க வேண்டியவர்கள் முதலில் கேட்க வேண்டும். வாலஸ் ஓடத்தைத் திருப்பினான். டெல்ஃபின் கரைக்கு முதுகைக் காட்டி, கடலைப் பார்த்தபடி நின்றாள். சொந்த ஊரானாலும் இப்படித்தான்.

"நான் டெல்ஃபின். முதல் கரையிலிருந்து வருகிறேன். எமெரியின் மகள்."

நிறுத்தினாள். அலை வந்து ஓடத்தைத் தூக்கி இறக்கியது.

"எமெரி, முன்னே போனவர்."

கரை முதுகுக்குப் பின்னால் இருந்தது. யார் முகத்தையும் அவளால் பார்க்க முடியவில்லை. காத்திருந்தாள். பிறகு ஒரே ஒரு குரல் கேட்டது. அம்மாவின் குரல், உடைந்து, ஆனால் தெளிவாக.

"பசியோடு வந்திருப்பாய். கரைக்கு வா."